தம்பிக்கு மட்டும் சொன்ன ரகசியம்

கூடப் பிறந்தவர்கள் வீட்டுக்குள் கீரியும் பாம்புமாக இருப்பார்கள். ரிமோட்டுக்குச் சண்டை, ஜன்னலோரப் படுக்கைக்குச் சண்டை, கடைசி அப்பளத்துக்குச் சண்டை. ஆனால் வெளியாள் யாராவது தம்பியை ஒரு வார்த்தை சொல்லிவிட்டால் போதும், அக்காவுக்குப் பொத்துக்கொண்டு வந்துவிடும். இரண்டு குழந்தைகளை வளர்க்கிற எந்தத் தாயும் தினம் பார்க்கிற சங்கதிதான் இது. நாம் பார்க்காத ஒன்றும் உண்டு. கதவைச் சாத்திக்கொண்டு அந்த இரண்டு பேரும் தங்களுக்குள் என்ன பேசிக்கொள்கிறார்கள்?

அந்தக் கதவை எனக்குக் கொஞ்சம் திறந்து காட்டியது ஓர் அமெரிக்க டெலிவிஷன் தொடர். பெயர் 'ப்ரீக்ஸ் அண்ட் கீக்ஸ்'. பள்ளிக்கூடத்தில் வகுப்புக்கு மட்டம் போட்டுவிட்டு மாடிப்படி ஓரத்தில் நிற்கிற உருப்படாத கும்பலுக்கு 'ப்ரீக்ஸ்' என்று பட்டப்பெயர். விளையாட்டில் சோப்ளாங்கியாக, விண்வெளிப் படங்களைப் பற்றியே பேசித் திரிகிற அப்பாவிப் பையன்களுக்கு 'கீக்ஸ்'. அக்கா முதல் கும்பலில் போய்ச் சேர்கிறாள். தம்பி இரண்டாவது ரகம். கதை இவ்வளவுதான்.

என்.பி.சி. நிறுவனம் இதை 1999 செப்டம்பர் 25-ஆம் தேதி, ஒரு சனிக்கிழமை இரவு, ஒளிபரப்ப ஆரம்பித்தது. மொத்தம் 18 பகுதிகள் எடுத்தார்கள். 12 பகுதிகள் வெளிவந்ததுமே, பார்ப்பவர்கள் போதவில்லை என்று 2000 மார்ச்சில் நிறுத்திவிட்டார்கள். மிச்சம் இருந்ததை அந்த வருஷமே பிற்பாடு அங்கொன்றும் இங்கொன்றுமாகக் காட்டினார்கள். நிறுத்திவிடுவார்கள் என்ற பயத்தில், கடைசிப் பகுதியை முன்கூட்டியே படம் பிடித்து வைத்துக்கொண்டார்களாம்! ஆனாலும் பார்த்தவர்கள் மறக்கவில்லை. 2004-ல் தகடுகளாக வந்தபோது தேடித் தேடி வாங்கினார்கள்.

நம் பக்கத்தில் இந்தப் பெயரைக் கேள்விப்பட்டவர்கள் குறைவு. எனக்கும் என் தம்பி சொல்லித்தான் தெரியும். "அக்கா, இதுல வர்ற அக்கா-தம்பியைப் பாரு. நாம ரெண்டு பேரும்தான்!" என்று சொல்லித் தகடுப் பெட்டியைக் கையில் கொடுத்துவிட்டுப் போனான். எனக்குப் பதினாறு வயதில் ஒரு பெண், பதிமூன்று வயதில் ஒரு பையன். நான் அவர்களுக்குள் எங்களைப் பார்க்காமல், அந்தத் தொடருக்குள் அவர்களைப் பார்த்தேன்.

கதை நடப்பது 1980-81 பள்ளி வருஷத்தில். இடம், மிச்சிகன் மாகாணத்தில் 'சிப்பேவா' என்ற கற்பனை ஊர். தொடரை உருவாக்கிய பால் ஃபீக் அந்த மாகாணத்திலேயே மவுண்ட் கிளெமன்ஸ் என்ற ஊரில் வளர்ந்தவர். தம்முடைய சொந்தப் பள்ளிக்கூட நாட்களைத்தான் கதையாக்கினார். தயாரித்தவர் ஜட் அப்படோவ். அழகான பெண்கள், கட்டுமஸ்தான பையன்கள், கடைசியில் எல்லோரும் கட்டிக்கொள்வது என்ற வழக்கமான சமாசாரம் எதுவும் கிடையாது. பரு முளைத்த முகங்களும், அளவு சரியில்லாத சட்டைகளும், வாய் உளறிச் சொதப்பும் காதலும்தான். சிரிப்பும் வரும், பார்க்கிற நமக்கே வெட்கமாகவும் இருக்கும்.

வியர் குடும்பத்தை உங்களுக்கு அறிமுகப்படுத்திவிடுகிறேன். அப்பா ஹாரல்ட் விளையாட்டுச் சாமான் கடை வைத்திருக்கிறார். சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்தாரானால் உபதேசம்தான். "என் சிநேகிதன் ஒருத்தன் இப்படித்தான் செஞ்சான்... என்ன ஆச்சு தெரியுமா? செத்துப்போயிட்டான்!" என்ற பாணியில் முடியும் ஒவ்வொரு கதையும். (நம் வீட்டிலும் ஒருவர் உண்டல்லவா?) அம்மா ஜீன் எந்நேரமும் சிரித்த முகம். சமைப்பதும், துணி மடிப்பதும், நடுநடுவே "ஹாரல்ட், போதும்" என்று அணை போடுவதும் அவள் வேலை. மூத்தவள் லிண்ட்ஸே, நம் கணக்கில் பதினொன்றாம் வகுப்பு. இளையவன் ஸாம், ஒன்பதாம் வகுப்பில் அப்போதுதான் பெரிய பள்ளிக்கூடத்தில் காலடி வைத்திருக்கிறான்.

லிண்ட்ஸே கணக்கில் புலி. பள்ளிக்கூடத்துக் கணக்குப் போட்டிக் குழுவில் இருந்தவள். அப்படிப்பட்ட பெண் திடீரென்று அதையெல்லாம் விட்டுவிடுகிறாள். அப்பாவின் பழைய பச்சை ராணுவ ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு திரிகிறாள். (ஜாக்கெட் என்றால் நம்ம ரவிக்கை இல்லை, தொளதொளவென்று தொங்கும் தடித்த மேல்கோட்டு.) பழைய சிநேகிதியை விட்டு விலகுகிறாள். பெற்றவர்களுக்குத் தலை சுற்றுகிறது. "தங்கமான பொண்ணு, யாரோ கெடுத்துட்டாங்க" என்றுதானே எந்த அம்மாவுக்கும் தோன்றும்?

காரணம் வேறு. அதை அவள் அம்மாவிடம் சொல்லவில்லை, அப்பாவிடம் சொல்லவில்லை. தம்பியிடம் சொல்கிறாள்.

பாட்டி இறக்கும்போது அறையில் லிண்ட்ஸே மட்டும்தான் இருந்திருக்கிறாள். பாட்டி பயந்து போயிருக்கிறாள். ஏதாவது வெளிச்சம் தெரிகிறதா, கடவுள் தெரிகிறாரா என்று பேத்தி தவித்துக் கேட்டிருக்கிறாள். ஒன்றுமே இல்லை என்று சொல்லிவிட்டுப் பாட்டி கண்ணை மூடிவிட்டாள். வாழ்நாள் பூராவும் நல்லவளாக இருந்த பாட்டிக்கே இதுதான் முடிவென்றால், நான் நல்ல மார்க்கு வாங்கி, நல்ல பெண்ணாக இருந்து என்ன பிரயோஜனம்? அந்தப் பச்சைக் கோட்டுக்குள் இருந்தது இந்தக் கேள்விதான். ஸாம் என்ன பதில் சொல்ல முடியும்? சின்னப் பையன். உட்கார்ந்து கேட்டான், அவ்வளவுதான். அந்த நேரத்துக்கு அதுவே போதுமாக இருந்தது.

இந்தக் காட்சி வந்தபோது நான் கீரை ஆய்ந்துகொண்டே பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்தில் பெண், கீழே பாயில் பையன். அவன் படக்கென்று திரும்பி, "அக்கா, நீ சொன்ன மாதிரியே..." என்று ஆரம்பித்தான். அவள் "டேய்!" என்று ஒரே ஒரு அதட்டல் போட்டாள். அவன் வாயை மூடிக்கொண்டான்.

எனக்குச் சுருக்கென்றது. அதற்கு முந்தைய வருஷம் என் மாமியார் காலமானார். வீட்டில்தான் உயிர் பிரிந்தது. நான் கஞ்சி வைக்க உள்ளே போன பத்து நிமிஷத்தில், பக்கத்தில் இருந்தது என் பெண் மட்டும்தான். காரியங்கள் எல்லாம் முடிந்த பிறகு அவள் வீணை வகுப்பை நிறுத்திவிட்டாள். "பிடிக்கலைம்மா" என்பதற்கு மேல் ஒரு வார்த்தை கிடையாது. பாட்டிதான் அவளுக்கு வீணை வாங்கிக் கொடுத்தவர். துக்கம், நாளானால் சரியாகிவிடும் என்று இருந்தேன்.

அன்றைக்கு நான் எதுவும் கேட்கவில்லை. அவள் ஒருத்தனை நம்பிச் சொன்னதை, அவனைக் கேள்வி கேட்டுக் கறப்பது நியாயமாகப் படவில்லை. கீரையை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன்.

பத்து நாள் போயிருக்கும். ஞாயிற்றுக்கிழமை எண்ணெய் தேய்த்துக் குளித்துவிட்டு வந்தவளுக்கு நான் பின்னல் போட்டுக்கொண்டிருந்தேன். அவள் முகம் எனக்குத் தெரியாது, என் முகம் அவளுக்குத் தெரியாது. திடீரென்று, "பாட்டி என் கையைப் பிடிச்சுக்கிட்டு 'பயமா இருக்குடி'ன்னு சொன்னாங்கம்மா. எனக்கு என்ன சொல்றதுன்னே தெரியலை" என்றாள். என் கை நின்றுவிட்டது. பிறகு சொன்னேன்: "அந்த இடத்துல நானா இருந்தாலும் எனக்கும் தெரியாதும்மா. நீ கையை விடலை இல்ல? அது பாட்டிக்குத் தெரிஞ்சிருக்கும்." அவள் அழுதாள். நானும்தான். பின்னல் கோணலாகப் போனதை அவிழ்த்து மறுபடி போட்டேன்.

தொடரில் இன்னொரு பகுதி, எல்லாத் தாய்மார்களும் பார்க்க வேண்டியது. லிண்ட்ஸேயின் புதுச் சிநேகிதியைப் பற்றிக் கவலைப்பட்டு, பெற்றவர்கள் அவள் டைரியை எடுத்துப் படித்துவிடுகிறார்கள். கெட்ட பழக்கம் ஏதாவது இருக்குமோ என்று பயந்து திறந்தால், உள்ளே இருப்பது வேறு! அப்பா அம்மாவின் வாழ்க்கை எத்தனை சலிப்பான, ஒரே மாதிரியான வாழ்க்கை என்று மகள் எழுதி வைத்திருக்கிறாள். ஜீன் முகம் வாடிப்போகிறதைப் பார்க்க நமக்கே பொறுக்காது. தினம் ஒரே நேரத்துக்குச் சாப்பாடு போட்டு, ஒரே மாதிரி வீட்டைத் துடைத்து, அதையே அன்பு என்று நினைத்திருந்தவள் அவள்! அந்தக் காயத்தால் கணவனும் மனைவியும் ஒருவரையொருவர் புதிதாகப் பார்க்க ஆரம்பிக்கிறார்கள் என்பது கதையின் ஹாஸ்யம். ஆனால் எனக்கு நின்றது ஒன்றுதான். டைரியில் இருப்பது குழந்தையின் அன்றைய கோபம், நம்மைப் பற்றிய தீர்ப்பு இல்லை. என் பெண்ணின் தலையணை உறை மாற்றும்போது நீல அட்டை போட்ட நோட்டு ஒன்று கையில் தட்டுப்படும். உறையை மாற்றிவிட்டு, இருந்த இடத்திலேயே வைத்துவிடுகிறேன்.

ஸாமின் கஷ்டம் வேறு தினுசு. அவன் குள்ளம். கூடப் படிக்கிறவர்களெல்லாம் தாடி மீசையோடு நிற்க, இவன் மட்டும் ஆரம்பப் பள்ளிப் பிள்ளை மாதிரி இருப்பான். உடற்பயிற்சி வகுப்பு முடிந்து எல்லோர் முன்னாலும் குளிக்க வேண்டுமே என்பதே அவனுக்குப் பெரிய திகில். அக்காவாக நடித்த லிண்டா கார்டெல்லினி அப்போது இருபதைத் தாண்டியவர். ஸாமாக நடித்த ஜான் ஃப்ரான்சிஸ் டேலி 1985-ல் பிறந்தவர், நிஜமாகவே 14 வயதுப் பையன். அதனால் அந்தக் கூச்சம் நடிப்பாகவே தெரியாது.

பையன்களைப் பெற்ற தாய்மார்கள் இதைத் தெரிந்து வைத்துக்கொள்வது நல்லது. பருவ மாற்றம் பெண்களுக்குப் பொதுவாக 8 முதல் 13 வயதுக்குள்ளும், ஆண் பிள்ளைகளுக்கு 9 முதல் 14 வயதுக்குள்ளும் தொடங்கும். மளமளவென்று உயரம் கூடுகிற காலம் ஆண் பிள்ளைகளுக்குப் பெண்களைவிட ஏறக்குறைய இரண்டு வருஷம் பின்னால்தான் வரும். ஆகவே பதிமூன்று வயதில் அக்காவின் தோளுக்குக் கூட வராத பையன் பதினாறில் அவளைத் தாண்டிவிடலாம். அதுவரை "ஏண்டா நீ வளரவே இல்லை?" என்று விருந்தாளிகள் முன் கேட்காமல் இருந்தால் போதும். 14 வயது முடிந்தும் மாற்றமே தொடங்கவில்லை என்றால் டாக்டரிடம் காட்டலாம்.

தொடரின் முதல் பகுதியிலேயே ஒரு காட்சி. ஒரு முரடன் ஸாமையும் அவன் இரண்டு கூட்டாளிகளையும் மிரட்டுகிறான். லிண்ட்ஸே வந்து அவனை விரட்டுகிறாள். தம்பிக்கு நன்றி வரவேண்டுமே! வெட்கம்தான் வருகிறது. அக்கா வந்து காப்பாற்றினாள் என்றால் மானம் போகாதா? உதவியும் ஒரு வகை அவமானமாகிற வயது அது. என் பையனும் இப்போதெல்லாம் பள்ளிக்கூட வாசலில் அக்கா பையைத் தூக்க வந்தால் நான்கடி தள்ளி நடக்கிறான்.

ஆனால் அடுத்த வாரமே கணக்கு நேராகிவிடுகிறது. அப்பா அம்மா ஊரில் இல்லாத நேரம், புதுச் சிநேகிதர்கள் தூண்டிவிட, லிண்ட்ஸே வீட்டில் பீர் விருந்து வைக்கிறாள். குடியின் விபரீதத்தைப் பற்றிப் பள்ளியில் கேட்டுவிட்டு வந்த ஸாமுக்கு அக்காவை நினைத்து நடுக்கம். பெற்றவர்களிடம் கோள் சொல்லவில்லை. தானும் இரண்டு கூட்டாளிகளுமாகச் சேர்ந்து, பீர் பீப்பாயை எடுத்து ஒளித்துவிட்டு, போதை இல்லாத பீரை அதன் இடத்தில் வைத்துவிடுகிறார்கள். வந்த பெரிய பிள்ளைகளெல்லாம் அதைக் குடித்துவிட்டு, ஏறாத போதையில் தள்ளாடுவதைப் பார்த்து எங்கள் வீட்டில் சிரித்துச் சிரித்து வயிறு வலித்தது. நிஜப் பீப்பாய்க்குக் காவல் வைத்த பையன் தானே குடித்துவிட்டுக் கிடக்கிறான், அது வேறு! சிரிப்பு அடங்கிய பிறகு யோசித்தால், ஒரு சின்னத் தம்பி தன் அக்காவை அவளுக்கே தெரியாமல் காப்பாற்றுகிறான். நம் வீட்டுப் பிள்ளைகளும் இப்படி ஒருவரையொருவர் காப்பாற்றிய கதைகள் எத்தனை நமக்குத் தெரியாமலே போயிருக்கும்!

எனக்கு மிகவும் பிடித்தது ஹாலோவீன் பகுதி. அக்டோபர் 31 இரவில் குழந்தைகள் வேஷம் கட்டிக்கொண்டு வீடு வீடாகப் போய் மிட்டாய் வாங்குகிற பண்டிகை அது. ஜீன் ஆசை ஆசையாய்த் தன் கையாலேயே பிஸ்கட் சுட்டு வைக்கிறாள். ஆனால் காலம் மாறிவிட்டது. கடையில் வாங்கிய, உறை பிரிக்காத பண்டம்தான் பத்திரம் என்ற பயம் ஊரில் வந்துவிட்டது. கூட வந்த தாய்மார்கள் அவள் கொடுத்ததைத் தின்னவிடாமல் வாங்கிப் போட்டுவிடுகிறார்கள். அம்மாவோடு வாசலில் நிற்பதாகச் சொன்ன லிண்ட்ஸே சிநேகிதர்களோடு காரில் கிளம்பிவிட்டாள். ஸாமோ, இனி தனக்கு இந்த வயசு இல்லை என்று தெரிந்தும், கடைசி முறையாக வேஷம் கட்டிப் புறப்படுகிறான். இருட்டில் கார் ஜன்னலிலிருந்து லிண்ட்ஸே ஒரு முட்டையை வீசுகிறாள். அது பட்டது யார் மேலே? தம்பி மேலே!

அந்த முகத்தை அவள் பார்க்கிறாள். வீட்டுக்குத் திரும்பி வந்து, தானும் வேஷம் கட்டிக்கொண்டு, அம்மா பக்கத்தில் வாசலில் நிற்கிறாள். நீண்ட வசனம் எதுவும் கிடையாது. கையால் செய்த பண்டத்தை யாரும் தொடாத வருத்தம் எப்படி இருக்கும் என்று நமக்குச் சொல்லவேண்டுமா? கூட ஒரு குழந்தை வந்து நின்றால் அந்த வருத்தம் பாதியாகிவிடும் என்பதையும் சொல்லவேண்டியதில்லை.

ஒன்றைச் சொல்லிவிடவேண்டும். இது சின்னக் குழந்தைகளுக்கான தொடர் இல்லை. பீரும் கஞ்சாவும் வருகிறது, விடலைப் பேச்சும் உண்டு. பத்து வயதுக் குழந்தையைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு பார்க்க முடியாது. ஆனால் வளர்ந்த பிள்ளைகளோடு சேர்ந்து பார்த்தால், நேரில் கேட்க முடியாத பல கேள்விகளை அந்த லிண்ட்ஸேயையும் ஸாமையும் சாக்காக வைத்துக்கொண்டு பேசிவிடலாம். "அவ ஏன் அப்படிப் பண்றா?" என்று கேட்டால் பிள்ளைகள் பதில் சொல்வார்கள். "நீ ஏன் அப்படிப் பண்றே?" என்றால் எழுந்து போய்விடுவார்கள்!

துக்கத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை. பெரியவர்களின் துக்கம் அழுகையாக வரும். விடலைப் பிள்ளைகளின் துக்கம் பல சமயம் கோபமாக, படிப்பில் அசிரத்தையாக, புதுச் சேர்க்கையாக, பழைய பழக்கங்களை உதறுவதாக வரும். 'கெட்டுப்போய்விட்டாள்' என்று முடிவு கட்டுமுன், அந்த வீட்டில் சமீபத்தில் என்ன நடந்தது என்று யோசித்துப் பார்ப்பது நல்லது. தூக்கமும் சாப்பாடும் இரண்டு வாரத்துக்கு மேல் கெட்டிருந்தால், எதிலும் பிடிப்பில்லாமல் ஒதுங்கியே இருந்தால், டாக்டரிடமோ மனநல ஆலோசகரிடமோ அழைத்துப் போகத் தயங்கவேண்டாம். உயிரை விடுவதைப் பற்றி ஒரு வார்த்தை பேசினாலும், நாள் பார்க்காமல் அன்றைக்கே போய்விடவேண்டும்.

இன்னொன்று, இதை நான் என் வீட்டில் சட்டமாகவே வைத்திருக்கிறேன். ஒரு குழந்தையை இன்னொன்றுக்கு ஒற்றனாக வைக்கக் கூடாது. "அக்கா யார்கிட்ட போன்ல பேசினா? சொன்னா உனக்கு ஐஸ்கிரீம்" என்று ஒரு தடவை கேட்டுவிட்டால், நமக்கு ஒரு சேதி கிடைக்கும். அவர்களுக்குள் இருந்த ஒரு கதவு சாத்திக்கொள்ளும். நாளைக்கு நம்மிடம் சொல்ல முடியாத ஒன்று அவளுக்கு நேர்ந்தால், யாரிடம் போய்ச் சொல்லுவாள்? ஆபத்து என்று தெரிந்தால் மட்டும் சொல்லவேண்டும் என்று இரண்டு பேருக்கும் பொதுவாகச் சொல்லி வைத்திருக்கிறேன். மற்றபடி, அவர்கள் ரகசியம் அவர்களுக்கு.

கடைசிப் பகுதியில் லிண்ட்ஸேவுக்கு ஒரு கௌரவம் கிடைக்கிறது. கெட்டிக்கார மாணவர்களுக்காக மிச்சிகன் பல்கலைக்கழகத்தில் நடக்கும் கோடைக் கூட்டத்துக்குத் தேர்வாகிறாள். அப்பாவும் அம்மாவும் ஸாமும் வழியனுப்ப, பஸ் ஏறிப் போகிறாள். நடுவழியில் இறங்கி, சிநேகிதியோடு வேறொரு வண்டியில் ஏறி, தனக்குப் பிடித்த ஒரு பாட்டுக் கோஷ்டியின் பின்னால் ஊர் ஊராகப் போய்விடுகிறாள். அந்த இடத்தோடு தொடரே முடிந்துவிடுகிறது. திரும்பி வந்தாளா, படித்தாளா, ஒன்றும் தெரியாது. "இப்படியா முடிப்பாங்க!" என்று எனக்குக் கோபம்தான் வந்தது. என் பெண், "அவ திரும்பி வருவாம்மா. ஸாமுக்கு லெட்டராவது போடுவா" என்றாள், ஏதோ பக்கத்து வீட்டுப் பெண்ணைப் பற்றிச் சொல்வது போல.

நாம் எல்லா நாளும் அவர்கள் கூடவே இருக்கப் போவதில்லை. நமக்குப் பிறகு அவர்களுக்கு இருக்கப்போவது ஒருவருக்கு ஒருவர்தான். பாட்டியை நினைத்துப் பேச, அம்மாவின் குழம்பைப் பற்றிக் குறை சொல்லிச் சிரிக்க, அதே வீட்டை நினைவில் வைத்திருக்கிற இன்னொரு ஆள். அவர்கள் கதவைச் சாத்திக்கொண்டு பேசும்போது, நாம் கொஞ்சம் மெதுவாக நடந்து போகலாம்.